விமானப்படை 'ஜெனரல்' ஓய்வுக்குப் பிறகு செக்ரட்டரி ஆகலாமா? எது வழி, எது வெறும் பேச்சு

எம்கேபிநகர்_மாணவி

எல்லோருக்கும் வணக்கம். வியாசர்பாடி பக்கம் குரூப் 1-க்கும் யூபிஎஸ்சிக்கும் சேர்ந்து படிக்கிற வட்டம் எங்களுடையது. போன ஞாயிறு மாதிரி நேர்முகத் தேர்வில் ஒரு கேள்வி விழுந்தது: "விமானப்படை ஜெனரல் ஒருவர் குடிமைப் பணியில் உயர் பதவிக்கு வர முடியுமா? எந்தச் சட்டப்படி?" ஒருத்தர் கலெக்டராகவே வரலாம் என்றார், இன்னொருத்தர் கவர்னர் மட்டும்தான் என்றார், மூன்றாமவர் லேட்டரல் என்ட்ரி (வெளி ஆட்களை நேரடியாக உயர் பதவியில் எடுப்பது) என்றார். சண்டை இன்னும் முடியவில்லை.

இது வெறும் பரீட்சைக் கேள்வி இல்லை. எங்கள் தெருவில் ஒரு ஏர் கமோடர் இருக்கிறார். நிர்வாகப் பிரிவு, வயது 54 நடக்கிறது. ஓய்வுக்குப் பிறகு அரசுப் பதவிக்கு முயற்சி பண்ணலாமா, எப்போது விண்ணப்பிக்கணும், சம்பளம் எப்படிப் போடுவார்கள் என்று அவர் வீட்டில் கேட்கிறார்கள். அதே தெருவில் இன்னொரு அண்ணன் விமானப்படையில் கார்ப்பரல், அதாவது அதிகாரி தரத்துக்குக் கீழே. வயது 31, 12 வருஷ சர்வீஸ், ஓபிசி, அஞ்சல்வழியில் பி.ஏ. முடித்திருக்கிறார். அவருக்கு ஐஏஎஸ் கனவு. இரண்டுக்கும் விவரம் தெரிந்தவர்கள் சொன்னால் நன்றாக இருக்கும்.

---

கோட்டை_பைல்

முதலில் கேள்வியையே திருத்திக்கொள்ளம்மா. இந்திய விமானப்படையில் ஜெனரல் என்று ஒரு ராங்கே கிடையாது. ஏர் கமோடர் என்றால் ராணுவத்தில் பிரிகேடியருக்கு இணை. ஏர் வைஸ் மார்ஷல் மேஜர் ஜெனரலுக்கு, ஏர் மார்ஷல் லெப்டினன்ட் ஜெனரலுக்கு, ஏர் சீஃப் மார்ஷல் ஜெனரலுக்கு இணை. நேர்முகப் போர்டில் உட்கார்ந்திருக்கிறவர் 'ஜெனரல்' என்று தூண்டில் போட்டால் பதிலின் முதல் வரியிலேயே பணிவாக இதைச் சொல்லிவிடணும்.

இரண்டாவது, 'சம்பள லெவல் ஒன்றேதான், அதனால் பதவியும் ஒன்றேதான்' என்று நினைப்பது. எல்லோரும் சறுக்குகிற இடம் இதுதான். ஏர் வைஸ் மார்ஷல் லெவல் 14, ஆரம்பம் 1,44,200. மத்திய அரசின் ஜாயின்ட் செக்ரட்டரியும் அதே லெவல் 14. ஏர் மார்ஷல் லெவல் 15, அங்கே அடிஷனல் செக்ரட்டரி. துணைத் தளபதியும் கமாண்ட் தலைவர்களும் செக்ரட்டரிக்குச் சமமாக 2,25,000. தளபதிக்கு கேபினெட் செக்ரட்டரி மாதிரி 2,50,000. சம்பளப் பட்டியலில் பக்கத்துப் பக்கத்து வரியில் இருக்கிறார்கள், அவ்வளவுதான். ஒருத்தர் நாற்காலியில் இன்னொருத்தர் உட்கார அந்தப் பட்டியல் வழி விடாது. ஐஏஎஸ் அகில இந்தியப் பணி, அரசியல் சட்டம் 312-இன் கீழ் வருவது. அதில் நுழைய வாசல் மூன்று: நேரடித் தேர்வு, மாநிலக் குடிமைப் பணியிலிருந்து பதவி உயர்வு, மாநிலத்தின் மற்ற பணிகளிலிருந்து தேர்வு. சீருடைக்கு நான்காவது வாசல் இன்றைக்கு இல்லை. ஆகவே 'கலெக்டராக வரலாம்' என்ற உங்கள் நண்பருக்கு மதிப்பெண் பூஜ்யம்.

'இன்றைக்கு' என்று அழுத்திச் சொல்வதற்குக் காரணம் உண்டு. வடகிழக்கு எல்லையை நிர்வகிக்க 1950களில் இந்திய எல்லைப்புற நிர்வாகப் பணி என்று தனியாக ஒன்று இருந்தது. அதற்குப் படை அதிகாரிகளை நேரடியாக எடுத்தார்கள். தலச்சேரிக்காரரான விங் கமாண்டர் முர்க்கோத்து ராமுண்ணி விமானப்படையிலிருந்து அந்தப் பணிக்குப் போனவர். 1960களின் தொடக்கத்தில் லட்சத்தீவுக்கு நிர்வாகியாகவும் இருந்தார். அந்தப் பணி பிறகு ஐஏஎஸ்ஸிலேயே கரைந்துவிட்டது. 1962 சீனப் போரை ஒட்டி அவசர கமிஷனில் (குறுகிய காலத்துக்கு அதிகாரிகளாக) எடுத்தவர்களை விடுவித்தபோதும் சில ஆண்டுகள் குடிமைப் பணிகளில் அவர்களுக்கு இடம் ஒதுக்கினார்கள். அதுவும் முடிந்துபோன கதை. நேர்முகத்தில் இந்த இரண்டையும் சொன்னால் படித்தவர் என்று தெரியும்.

அடுத்து, கவர்னர், தூதர். அர்ஜன் சிங் 1971-இல் சுவிட்சர்லாந்துக்குத் தூதர், 1989-90-இல் டெல்லி துணைநிலை ஆளுநர். ஓ.பி. மெஹ்ரா மகாராஷ்டிரா, ராஜஸ்தான் ஆளுநர். இத்ரீஸ் ஹசன் லத்தீஃப் மகாராஷ்டிர ஆளுநராக இருந்துவிட்டு பிரான்ஸுக்குத் தூதராகப் போனார். மூன்று பேரும் முன்னாள் தளபதிகள். ஆனால் ஆளுநர் என்பது அரசியல் சட்டப் பதவி, குடிமைப் பணி அல்ல. விண்ணப்பம், தகுதிப் பட்டியல், கடைசித் தேதி எதுவும் கிடையாது. மேலே இருப்பவர்களின் விருப்பம். அதை நம்பி யாரும் திட்டம் போட முடியாது.

லேட்டரல் என்ட்ரியும் இவருக்கு உதவாது. 2024 ஆகஸ்டில் 45 இடங்களுக்கு யூபிஎஸ்சி விளம்பரம் போட்டு மூன்றே நாளில் திரும்பப் பெற்றது நினைவிருக்கும். அந்த விளம்பரத்திலேயே மத்திய அரசு ஊழியர்களுக்கு இடமில்லை. மாநில அரசு, பொதுத்துறை, பல்கலைக்கழகம், தனியார் துறை ஆட்களுக்காக வகுத்த வழி அது.

உண்மையில் திறந்திருக்கும் கதவுகளுக்கு வருகிறேன்.

சீருடையோடே செக்ரட்டேரியட்டில் உட்கார ஒரு வழி இருக்கிறது. 2019 டிசம்பர் இறுதியில் பாதுகாப்பு அமைச்சகத்துக்குள் ராணுவ விவகாரத் துறை உருவானது. முப்படைத் தலைமைத் தளபதிதான் அதன் செக்ரட்டரி. அங்கே ஜாயின்ட் செக்ரட்டரி இடங்களில் மேஜர் ஜெனரல், ஏர் வைஸ் மார்ஷல் தரத்தினர் உட்காருகிறார்கள். தலைமைத் தளபதி பதவிக்கே 2022 ஜூனில் விதி மாறியது. பணியில் இருக்கும் அல்லது ஓய்வுபெற்ற ஏர் மார்ஷலும், நியமன நாளில் 62 நிறையாதவராக இருந்தால், பரிசீலனைக்கு வரலாம். "விமானப்படை அதிகாரி செக்ரட்டரி ஆக முடியுமா" என்ற கேள்விக்கு 'ஆம்' என்று சொல்ல முடிகிற நேரான இடம் இது ஒன்றுதான்.

இரண்டாவது, யூபிஎஸ்சி உறுப்பினர் பதவி. ஏர் மார்ஷல் ஏ.எஸ். போன்ஸ்லே இருந்திருக்கிறார். பிரிவு 316-படி ஆறு ஆண்டு அல்லது 65 வயது, எது முந்துகிறதோ அது. மாநிலத் தேர்வாணையம் என்றால் வயது 62. கணக்குப் போட்டுப் பாருங்கள். 60-இல் ஓய்வு பெறும் ஏர் மார்ஷலுக்கு யூபிஎஸ்சியில் ஐந்து ஆண்டு கிடைக்கும். நம் பிராட்வே பக்கம் இருக்கிற டிஎன்பிஎஸ்சியில் இரண்டே ஆண்டு. அதற்கு மேல் பிரிவு 319 வேறு: யூபிஎஸ்சி உறுப்பினராக இருந்தவர் அதன் தலைவராகலாம், ஒரு மாநில ஆணையத்தின் தலைவராகலாம், அதைத் தவிர மத்திய, மாநில அரசில் எந்த வேலைக்கும் போக முடியாது. இது ஒருவழிப் பாதை, ஏறுகிறவர் யோசித்து ஏறணும்.

மூன்றாவது, ஆயுதப்படைத் தீர்ப்பாயத்தின் நிர்வாக உறுப்பினர். சென்னையிலும் அமர்வு இருக்கிறது. 2007 சட்டப்படி மேஜர் ஜெனரல் அல்லது அதற்கு இணையான ராங்கில் மொத்தம் மூன்று ஆண்டாவது இருந்திருக்கணும். உங்கள் தெரு ஏர் கமோடருக்கு இந்தக் கதவு மூடியாயிற்று. ஏர் வைஸ் மார்ஷல் ஆகி இரண்டே முக்கால் வருஷத்தில் ஓய்வு பெற்றவருக்கும் மூடியதுதான்.

அவருக்கு மிச்சம் இருப்பது நான்காவது வழி, பலருக்கும் தெரியாதது. அதை அடுத்தவர் எழுதட்டும், எனக்கு விரல் வலிக்கிறது.

---

பே_பிக்சேஷன்_ராயபுரம்

கோட்டை சார் விட்ட இடத்திலிருந்து.

மத்திய அரசின் பல குரூப் ஏ, குரூப் பி பதவிகளுக்கு நியமன விதி என்று ஒரு அட்டவணை இருக்கும். அதில் எந்த வகையில் ஆள் எடுப்பது என்ற கட்டத்தில் 'டெபுடேஷன்' (சொந்தத் துறையை விடாமல் வேறு துறையில் தற்காலிகமாக வேலை பார்ப்பது) என்று போட்டு, கீழே 'முன்னாள் படைவீரர்களுக்கு: டெபுடேஷன் / மறுநியமனம்' என்று ஒரு பத்தி வரும். அந்தப் பத்திதான் சாவி. ஓராண்டுக்குள் ஓய்வு பெறப்போகிற அல்லது ரிசர்வுக்குப் போகப்போகிற படையினர், கேட்ட தகுதியும் அனுபவமும் இருந்தால், பரிசீலனைக்கு வரலாம். தேர்வானால் படையிலிருந்து விடுபடும் நாள் வரை டெபுடேஷன் விதிப்படி வைத்திருப்பார்கள், அதற்குப் பிறகு மறுநியமன விதிப்படி தொடரலாம். ஆகவே தேட வேண்டிய நேரம் ஓய்வுக்குப் பிறகல்ல, ஓய்வுக்கு முந்தைய அந்தப் பன்னிரண்டு மாதம். ஓய்வு பெற்று வீட்டில் மாலையெல்லாம் காய்ந்த பிறகு தேடினால் பாதி விளம்பரத்துக்கு நீங்கள் தகுதியில்லை.

எல்லா விளம்பரத்திலும் அந்தப் பத்தி இராது. இல்லாத விளம்பரத்துக்கு விண்ணப்பித்துவிட்டு பதில் வரவில்லை என்று காத்திருப்பவர்கள் நிறைய. பாதுகாப்பு, விமானப் போக்குவரத்து, பேரிடர் மேலாண்மை, ஸ்டோர்ஸ், நிர்வாகம் தொடர்பான பதவிகளில் பார்க்கணும்.

வேலைவாய்ப்புச் செய்தி இதழில் வந்த நாளிலிருந்து பெரும்பாலும் 60 நாள் அவகாசம் தருவார்கள். டெபுடேஷனுக்குக் கடைசித் தேதியன்று 56 வயது தாண்டியிருக்கக் கூடாது என்பது வழக்கமான வரம்பு. உங்கள் ஏர் கமோடருக்கு 54 என்பதால், அதிகபட்சம் இரண்டு வருஷம் கையில் இருக்கிறது. அதில் ஓய்வுக்கு முந்தைய ஓராண்டு எது என்று காலண்டரில் வட்டம் போட்டு வைக்கட்டும்.

விண்ணப்பத்தோடு போக வேண்டியவை: நிர்ணயித்த படிவத்தில் பயோடேட்டா, கடைசி ஐந்து ஆண்டு மதிப்பீட்டு அறிக்கைகள், விஜிலன்ஸ் கிளியரன்ஸ் (ஊழல், ஒழுங்கு விசாரணை ஏதும் இல்லை என்ற சான்று), நேர்மைச் சான்று, கடந்த பத்தாண்டில் பெரிய, சிறிய தண்டனை ஏதும் உண்டா என்ற விவரம், அலுவலக அனுமதி. அறிக்கை நகல் என்றால் ஒவ்வொரு பக்கத்திலும் அண்டர் செக்ரட்டரி தரத்துக்குக் குறையாதவர் சான்றிட்டிருக்கணும். எத்தனையோ விண்ணப்பம் இந்த 'ஒவ்வொரு பக்கத்திலும்' என்ற வார்த்தையில்தான் விழுகிறது. முதல் பக்கத்தில் மட்டும் முத்திரை இருக்கும், மற்றதெல்லாம் வெறும் ஜெராக்ஸ்.

விழுகிற இன்னொரு இடம் நேரம். எல்லாம் முறையான வழியாக, அதாவது தலைமையகம் வழியாக, டெல்லிக்குப் போய்ச் சேரணும். முன்கூட்டி அனுப்பும் நகலை யாரும் கணக்கில் எடுக்க மாட்டார்கள். 60 நாளில் 40 நாள் யூனிட்டிலும் கமாண்டிலும் போய்விடும். அதனால் விஜிலன்ஸ் கிளியரன்ஸுக்கு விளம்பரம் வருவதற்கு முன்பே விசாரித்து வைப்பது நல்லது. ஏதோ ஒரு வருஷம் படிப்புக்குப் போனதாலோ நீண்ட விடுப்பாலோ அறிக்கை இல்லையென்றால், 'அறிக்கை இல்லை' என்பதற்கே ஒரு சான்று வாங்கி அதற்கு முந்தைய வருஷத்து அறிக்கையைச் சேர்க்கணும். இடைவெளி விட்டால் ஃபைல் அங்கேயே நின்றுவிடும்.

லெவல் விஷயத்தில் ஒரு எச்சரிக்கை. 'லெவல் 13-இல் இத்தனை ஆண்டு' என்று கேட்டால் குரூப் கேப்டன் காலத்தைச் சேர்த்துக் காட்டணும். விங் கமாண்டர் 12ஏ, குரூப் கேப்டன் 13, ஏர் கமோடர் 13ஏ. அந்த 12ஏ குடிமைப் பட்டியலில் கிடையாது. ராங்க் பெயரை மட்டும் எழுதி அனுப்பினால் பார்க்கிற செக்‌ஷன் ஆபீசருக்குப் புரியாது, சந்தேகம் வந்தால் தள்ளிவிடுவார். ஒவ்வொரு ராங்குக்கும் எதிரே லெவலும் தேதியும் எழுதிக் கொடுங்கள்.

இனி பணம். எல்லோரும் 'பென்ஷனும் வரும், முழுச் சம்பளமும் வரும்' என்று கனவு காண்கிறார்கள். ஜவானுக்கும் ஏர்மேனுக்கும் அது ஏறக்குறைய உண்மை. அதிகாரிக்கு இல்லை. 1986-ஆம் வருஷத்து மறுநியமனச் சம்பள நிர்ணய ஆணைதான் இன்றும் அடிப்படை. கமிஷன் (அதிகாரி) ராங்குக்குக் கீழே இருந்து 55 வயதுக்கு முன் ஓய்வு பெற்றவருக்குப் பென்ஷன் முழுவதும் கணக்கில் வராது, புதிய பதவியின் ஆரம்பச் சம்பளம் முழுசாகக் கிடைக்கும். அதிகாரி 55-க்கு முன் ஓய்வு பெற்றிருந்தால் பென்ஷனில் முதல் 15,000 மட்டும் விலக்கு. 2017 மே மாதத்துக்கு முன் இது 4,000-ஆக இருந்தது. 55-க்குப் பிறகு ஓய்வு என்றால் விலக்கே இல்லை.

ஒரு கணக்கு போட்டுக் காட்டுகிறேன். ஏர் கமோடரின் கடைசி அடிப்படைச் சம்பளம் 1,93,300. படையினருக்கு மட்டும் கிடைக்கிற மிலிட்டரி சர்வீஸ் பே 15,500. கூட்டினால் 2,08,800, அதில் பாதி 1,04,400 பென்ஷன். லெவல் 14 பதவி ஒன்றில் மறுநியமனம் என்று வைத்துக்கொள்வோம். கடைசி அடிப்படைச் சம்பளத்துக்கு அதே தொகை அந்த லெவலில் இருக்கிறதா என்று முதலில் பார்ப்பார்கள். லெவல் 14-இல் 1,88,200 இருக்கிறது, அடுத்தது 1,93,800. சரியான படி இல்லாததால் கீழ்ப்படி: 1,88,200.

அதிலிருந்து பென்ஷனைக் கழிக்கணும். ஆனால் முழு 1,04,400-ஐ அல்ல. சர்வீஸ் பேயால் வந்த பங்கு, அதாவது 15,500-இல் பாதி 7,750, அதைக் கழிக்கக் கூடாது என்று 2010-இலேயே தெளிவுபடுத்திவிட்டார்கள். மிச்சம் 96,650. 55-க்கு முன் ஓய்வு என்றால் அதில் 15,000 விலக்கு போக 81,650 கழியும், சம்பளம் 1,06,550. பென்ஷன் 1,04,400 தனியாக வரும். இரண்டும் சேர்ந்து 2,10,950, செக்ரட்டரியின் 2,25,000 என்ற உச்சவரம்புக்குள் இருக்கிறது. 55-க்குப் பிறகு ஓய்வு என்றால் 96,650-உம் கழிந்து சம்பளம் 91,550.

பல அலுவலகங்களில் அந்த 7,750-ஐயும் சேர்த்துக் கழித்துவிடுவார்கள். மறுநியமன ஆணை வந்ததும் சம்பள நிர்ணயத் தாளை வாங்கி இந்த ஒரு வரியை மட்டுமாவது சரிபார்க்கணும். மாசம் 7,750 சின்னத் தொகை இல்லை. இன்னொன்று, பென்ஷனில் ஒரு பகுதியை கம்யூட் செய்து மொத்தமாக வாங்கியிருந்தாலும், கழிப்பது கம்யூட் செய்வதற்கு முந்தைய முழுப் பென்ஷனை வைத்துத்தான். கையில் வருகிற பென்ஷனை வைத்துக் கணக்குப் போட்டு ஏமாந்துபோகாதீர்கள். மறுபணிக் காலத்தில் அதிகாரிகளுக்குப் பென்ஷன் மேல் அகவிலை நிவாரணமும் நின்றுவிடும், சம்பளத்தின் மேல் அகவிலைப்படிதான்.

"55 ஆவதற்குள் முன்கூட்டியே ஓய்வு வாங்கிவிட்டால் 15,000 மிச்சமாகுமே" என்று யாராவது யோசனை சொன்னால் காதில் வாங்க வேண்டாம். வேலை கையில் கிடைக்காமல் மாசம் இரண்டு லட்சத்துக்கு மேல் வரும் சம்பளத்தை விட்டுவிட்டு, பதினைந்தாயிரம் விலக்குக்காக வெளியே வருவது கணக்குத் தெரியாதவன் வேலை. ஏதாவது பதவிக்குத் தேர்வாகிவிட்டது, தேதியை நகர்த்த இடமிருக்கிறது என்றால் மட்டும் பேசலாம். அப்போதும் 'ராஜினாமா' என்ற வார்த்தை எந்தக் காகிதத்திலும் வரக் கூடாது. முன்கூட்டிய ஓய்வு வேறு, ராஜினாமா வேறு. பென்ஷனோடு வெளியே வந்தால்தான் முன்னாள் படைவீரர் என்ற தகுதியே நிற்கும்.

---

தண்டையார்பேட்டை_பொடியன்

அப்போ பொதுத்துறை கம்பெனி தலைவர் போஸ்ட்? ஏர் சீஃப் மார்ஷல் பி.சி. லால் இண்டியன் ஏர்லைன்ஸ் சேர்மனா இருந்தாரே. காட்ரே விமானம் தயாரிக்கிற எச்ஏஎல் கம்பெனி சேர்மனா இருந்துட்டுத்தானே தளபதியாவே ஆனார்?

---

கோட்டை_பைல்

தம்பி, சரிதான். ஆனால் அது அந்தக் காலம். இப்போது பொதுத்துறைத் தேர்வு வாரியம் விளம்பரம் கொடுத்து நேர்முகம் வைக்கிறது. குறைந்தது 45 வயது, வெளி ஆள் என்றால் ஓய்வு வயதுக்கு மூன்று ஆண்டு மிச்சம் இருக்கணும். நிறுவனத்தின் ஓய்வு வயது 60 என்றால் காலியிடம் ஏற்படும் நாளில் 57-ஐத் தாண்டியிருக்கக் கூடாது. படை அதிகாரிக்கு எந்த ராங்க் வேண்டும் என்பது பதவிக்குப் பதவி மாறும், விளம்பரத்தில் தனிப் பத்தியாக இருக்கும்.

மாட்டுகிற இடம் 'உடனடி உட்கிரகிப்பு' என்ற நிபந்தனை. டெபுடேஷனில் போய் இரண்டு வருஷம் பார்த்துவிட்டு யூனிட்டுக்குத் திரும்ப முடியாது. படையை விட்டு வெளியே வந்துதான் நாற்காலியில் உட்கார முடியும். 54 வயது ஏர் கமோடருக்கு இது திறந்திருக்கும் கதவுதான், ஆனால் திரும்பி வர வழியில்லாத கதவு. நிர்வாகப் பிரிவு ஆள் என்றால் மனிதவளம் சார்ந்த இயக்குநர் பதவிகளைப் பார்க்கலாம்.

தனியார் கம்பெனி என்றால் வேறு விதி. உயர் அதிகாரிகள் ஓய்வுக்குப் பின் ஓராண்டுக்குள் வணிக நிறுவனத்தில் சேர அரசின் முன் அனுமதி வாங்கணும்.

---

வண்ணாரப்பேட்டை_நூலகம்

போர்டில் ஒப்பிட்டுக் கேட்டால் சொல்ல அமெரிக்க விவரம் கொஞ்சம். அங்கே 1978 சட்டத்தில் உருவான சீனியர் எக்ஸிக்யூட்டிவ் சர்வீஸ் என்ற உயர்நிலைக் குடிமைப் பணி இருக்கிறது. நம் ஐஏஎஸ் மாதிரி இளம் வயதில் தேர்வெழுதி நுழைகிற பணி இல்லை. பதவிக்குப் பதவி விளம்பரம் வரும், தலைமைத் திறனைக் காட்டி, ஒரு மதிப்பீட்டு வாரியத்தின் ஒப்புதல் பெறணும். அதனால் விமானப்படை ஜெனரல் ஓய்வுபெற்று நேராக அதில் நுழைவது அங்கே நடக்கிற காரியம். அங்கே ஜெனரல் என்ற ராங்கும் உண்டு.

ஆனால் பாதுகாப்புத் துறையிலேயே சேருவதென்றால் ஓய்வு பெற்று 180 நாள் ஆகியிருக்கணும், இல்லையென்றால் தனி விலக்கு வேண்டும். 2001 தாக்குதலுக்குப் பிறகு இந்தத் தடை பல ஆண்டு செயல்படாமல் கிடந்தது, 2016 டிசம்பரில் வந்த சட்டம் மீண்டும் உயிர் கொடுத்தது. தனக்கு வேண்டிய நாற்காலியைத் தானே சீருடையில் இருக்கும்போது தயார் செய்துவிட்டுப் போய் உட்காரக் கூடாது என்பதுதான் காரணம். சம்பளத்தில் ராணுவப் பென்ஷனைக் கழிக்கும் வழக்கத்தை அவர்கள் 1999 அக்டோபரில் விட்டுவிட்டார்கள். நாம் இன்னும் 7,750-க்கு மல்லுக்கட்டிக்கொண்டிருக்கிறோம்.

---

பிராட்வே_கோச்

கார்ப்பரல் அண்ணன் விஷயத்துக்கு யாரும் வரவில்லை. வடசென்னையில் ஏர் மார்ஷலை விட கார்ப்பரல்கள்தான் அதிகம், அதனால் கொஞ்சம் விரிவாகவே.

பணியில் இருக்கும்போதே சிவில் வேலைக்கு எழுத வேண்டுமானால் முன் அனுமதியும் பிறகு என்ஓசியும் (ஆட்சேபணை இல்லை என்ற சான்று) வேண்டும். சேவை ஆண்டு, ட்ரேடில் (தொழிற்பிரிவில்) ஸ்கில் கிரேடு, போகப்போகிற பதவியின் தரம் மூன்றையும் பார்த்துத்தான் கொடுப்பார்கள். 'அடிப்படை உரிமை, தடுக்க முடியாது' என்று யாராவது தைரியம் சொன்னால் நம்பாதீர்கள். 2019-இல் உச்ச நீதிமன்றம் ஒரு ஏர்மேன் வழக்கில் தெளிவாகச் சொல்லிவிட்டது: ஒப்பந்தக் காலத்தின் நடுவில் நினைத்தபோது விலகிப் போக விமானப்படையில் சேர்ந்தவருக்கு நிபந்தனையற்ற உரிமை இல்லை. அனுமதி வாங்காமல் எழுதித் தேர்வாகி, பிறகு என்ஓசி கேட்டு நிற்பதுதான் மிக மோசமான நிலை. அந்தப் பக்கம் சேரும் தேதி ஓடிக்கொண்டிருக்கும், இந்தப் பக்கம் ஃபைல் நகராது.

வயதுக் கணக்கு. சிவில் சர்வீஸ் தேர்வுக்கு பொதுப் பிரிவு 32, ஓபிசி 35, எஸ்சி, எஸ்டி 37, தேர்வு ஆண்டின் ஆகஸ்ட் 1 அன்று. அண்ணனுக்கு 31 என்றால் ஓபிசி வரம்பில் இன்னும் சில முறை இருக்கிறது. ஆனால் கிரீமி லேயரில் வராத சான்றிதழ் வேண்டும், மொத்தம் ஒன்பது முயற்சிதான். முன்னாள் படைவீரர் சலுகையான கூடுதல் ஐந்து ஆண்டு இப்போது அவருக்குக் கிடைக்காது. ஐந்து ஆண்டு சேவையோடு ஒப்பந்தம் முடிந்து விடுபட்டவருக்கு, அல்லது ஆகஸ்ட் 1-லிருந்து ஓராண்டுக்குள் முடியப்போகிறவருக்குத்தான் அது. 19-இல் சேர்ந்தவருக்கு 20 ஆண்டு முடியும்போது 39. ஓபிசிக்கு 32, 3, 5 கூட்டினால் 40. ஆக, சர்வீஸ் முடித்து வந்தால் ஒன்றிரண்டு முறைதான் எழுத முடியும். முடியும்வரை காத்திருக்கலாம் என்பது திட்டமே அல்ல. அனுமதி கிடைக்கிறதா என்று இந்த மாதமே எழுத்தில் கேட்கணும், வாய்மொழிப் பதில் எதற்கும் உதவாது.

ஐஏஎஸ்ஸில் முன்னாள் படைவீரருக்கு இட ஒதுக்கீடு கிடையாது. மத்திய அரசில் அது குரூப் சி-யில் 10 விழுக்காடு. 'பதினைந்து வருஷ சர்வீஸ் இருந்தால் டிகிரிக்குச் சமம்' என்பதும் குரூப் சி பதவிகளுக்குத்தான், சிவில் சர்வீஸுக்கு உண்மையான பட்டம் வேண்டும். அண்ணன் பி.ஏ. முடித்தது நல்லது. பல்கலைக்கழகமும் அஞ்சல்வழிப் படிப்பும் அங்கீகாரம் உள்ளதா என்று ஒருமுறை பார்த்துக்கொள்ளட்டும்.

குரூப் சி-க்கு வயதுச் சலுகை தாராளம். இப்போதைய வயதிலிருந்து படைச் சேவையைக் கழித்தால் வருவது, பதவியின் உச்ச வயதை மூன்று ஆண்டுக்கு மேல் தாண்டக் கூடாது. 39-இல் 20 போனால் 19, கவலையே இல்லை. டிஎன்பிஎஸ்சி குரூப் 4-இல் முன்னாள் படைவீரர் உச்ச வயது பொதுப் பிரிவுக்கு 50, பிற்படுத்தப்பட்டோர், பட்டியல் இனத்தவர் முதலானோருக்கு 55. ஆனால் தமிழ்த் தகுதிப் பகுதியில் 40 விழுக்காடு எடுக்காவிட்டால் மற்ற பகுதியைத் திருத்தவே மாட்டார்கள். ஜோத்பூரிலும் தேஜ்பூரிலும் இருபது வருஷம் இந்தி பேசிவிட்டு வந்தவர்கள் இதில்தான் அடிவாங்குகிறார்கள். பத்தாம் வகுப்புப் பாடப்புத்தகத்தின் இலக்கணப் பகுதியை எழுதிப் பழகணும், சும்மா படித்தால் கைக்கு வராது. தமிழ்வழி ஒதுக்கீடு கேட்பவர் ஒன்றாம் வகுப்பிலிருந்து அந்தப் பதவிக்குக் கேட்கிற கல்வித் தகுதி வரை தமிழ்வழி என்று காட்டணும். பட்டம் கேட்கிற பதவிக்கு, பள்ளி தமிழ்வழி கார்ப்பரேஷன் ஸ்கூலாக இருந்து பட்டம் மட்டும் ஆங்கில வழி என்றால் போச்சு.

கடைசியாக ஒரு காகிதம். மத்திய அரசில் முன்னாள் படைவீரர் ஒதுக்கீட்டில் ஒரு சிவில் வேலையில் சேர்ந்துவிட்டால் அந்த ஒதுக்கீடு தீர்ந்துவிடும். தப்பிக்க ஒரு வழி 2014 ஆகஸ்ட் ஆணையில் இருக்கிறது: சேருவதற்கு முன் எந்தெந்தக் காலியிடத்துக்கு எந்தத் தேதியில் விண்ணப்பித்தார் என்ற பட்டியலைச் சேர்ந்த உடனே அலுவலகத்தில் உறுதிமொழியாகக் கொடுக்கணும். கொடுத்து, அதன் நகலில் பெறுகை முத்திரை வாங்கி வைத்துக்கொள்ளணும். ஆறு மாசம் கழித்துக் கொடுத்தால் அந்தப் பட்டியல் வெறும் காகிதம்.

---

எம்கேபிநகர்_மாணவி

எல்லோருக்கும் நன்றி. ஏர் கமோடர் வீட்டில் பே பிக்சேஷன் சார் போட்ட கணக்கைக் காட்டினேன். ஒரு கேள்வி: பணியில் இருக்கும்போது டெபுடேஷனில் எடுத்துக்கொண்டால், அந்தக் காலத்துக்கும் பென்ஷன் கழிப்பு உண்டா?

---

பே_பிக்சேஷன்_ராயபுரம்

இல்லம்மா. டெபுடேஷன் காலத்தில் பென்ஷனே தொடங்கியிருக்காது, கழிக்க என்ன இருக்கிறது. படையிலிருந்து விடுபடும் தேதிக்கு மறுநாள்தான் மறுநியமனம் தொடங்கும். அன்றைக்குப் புது நிர்ணயத் தாள் போடணும். அதற்குப் பென்ஷன் ஆணை எண் தேவைப்படும், அது கைக்கு வராமல் இருந்தால் தற்காலிகமாக ஏதோ ஒரு சம்பளத்தைப் போட்டுவிட்டு பிறகு ரெகவரி என்று வருவார்கள். ஆணை முன்கூட்டியே வந்துவிட்டதா, அதில் சர்வீஸ் பேயைத் தனியாகக் காட்டியிருக்கிறார்களா என்று பார்க்கச் சொல்லுங்கள். காட்டவில்லை என்றால் கடைசிச் சம்பளச் சான்றிதழைப் பக்கத்தில் இணைத்துக் கொடுத்தால் போதும்.